மாந்தோவாவில் ஒரு மாவுப் பலகை

‘விருந்து’ என்னும் சொல்லுக்குப் பழந்தமிழில் புதுமை என்பது பொருள். நம் வீட்டு வாயிலில் புதிதாக வந்து நிற்பவரே விருந்தினர். உற்றாரும் உறவினரும் பந்தியில் அமர்வதை இன்று நாம் விருந்து என்கிறோம். அன்றோ முன்பின் அறியாதவருக்கு உண்டி கொடுத்தலே விருந்தோம்பல் எனப்பட்டது. வள்ளுவர் அதற்கெனத் தனி அதிகாரமே வகுத்தார். அந்த அறத்துக்கு விலை வைக்கலாகுமா? பணம் செலுத்திவிட்டு ஒருவர் வீட்டு அடுக்களைக்குள் நுழைந்தால், அங்கே நான் விருந்தினனா, வாடிக்கையாளனா? 2019-ஆம் ஆண்டு அக்டோபர் மாதத்தின் இறுதியில், மிலானிலிருந்து மாந்தோவா நகருக்குச் சென்ற தொடர்வண்டியில் இந்தக் கேள்வி என்னைக் குடைந்துகொண்டே வந்தது.

மிலானில் பணிபுரியும் என் மகள்தான் அந்த ஏற்பாட்டைச் செய்திருந்தாள். முப்பத்து நான்கு ஆண்டுகள் தமிழாசிரியனாக இருந்து ஓய்வு பெற்ற எனக்கு, இத்தாலிக்குச் சென்றால் காண வேண்டிய ஊர் என்று ஒன்றே ஒன்று மனத்தில் இருந்தது. அது உரோமை நகரன்று என்று சொன்னால் வாசகர்கள் வியக்கக்கூடும். வீரமாமுனிவர் என்று நாம் போற்றும் பெஸ்கி அடிகளார் 1680-ஆம் ஆண்டு நவம்பர் 8-ஆம் நாள் பிறந்த காஸ்திலியோனே தெல்லே ஸ்திவியேரே என்னும் சிற்றூரே அது. மாந்தோவா மாவட்டத்தின் வட எல்லையில் இருக்கிறது. புனித ஞானப்பிரகாசியார் 1568-இல் பிறந்ததும் அதே ஊரில்தான். ஒரு சிற்றூர் ஒரு புனிதரையும், தேம்பாவணி பாடிய ஒரு புலவரையும் நமக்குத் தந்திருக்கிறது.

“ஒரு நாள் உங்கள் முனிவருக்கு, மறுநாள் எனக்கு” என்றாள் மகள். மறுநாளைக்கு அவள் குறித்து வைத்திருந்தது ஒரு சமையல் வகுப்பு. மாந்தோவா நகரில் எழுபதைக் கடந்த ஓர் அம்மையார் தம் வீட்டிலேயே இருவர் மூவராக வருவோர்க்கு உள்ளூர்ச் சமையலைக் கற்பித்து, சமைத்ததை உடனமர்ந்து உண்ணவும் செய்கிறார் என்றாள். இத்தாலியில் இவ்வழக்கம் பல ஊர்களில் பரவியிருக்கிறது. ‘செசரினே’ என்னும் இல்லச் சமையற்காரர்களின் அமைப்பு ஒன்று 2004-இல் பொலோஞா நகரில் தொடங்கி நாடெங்கும் கிளை விரித்திருக்கிறது. இந்த அம்மையார் எந்த அமைப்பிலும் சேராதவர். அறிந்தவர் வழியாகத்தான் அவரை அணுக முடிந்தது.

மகளின் உள்நோக்கம் எனக்குப் புரியாமலில்லை. அவள் தாய் 2017-இல் இறைவனடி சேர்ந்த பிறகு, எனக்கு மூன்று வேளை உணவும் தெருமுனை மெஸ்ஸிலிருந்து அடுக்குச் சட்டியில் வந்துகொண்டிருந்தது. நாள்தோறும் இரவு தொலைபேசியில் அவள் கேட்கும் முதற்கேள்வி “என்ன சாப்பிட்டீர்கள் அப்பா?” என்பதே. என் விடை நாளுக்கு நாள் சுருங்கி வந்ததை அவள் கவனித்திருக்கிறாள். அறுபத்தாறு வயதில் தந்தைக்கு அடுப்பைப் பழக்கிவிட வேண்டும் என்பது அவள் திட்டம். அதற்கு ஏன் இத்தாலிய அடுப்பு என்று நான் கேட்டேன். “நம் வீட்டு அடுப்படிக்குள் நீங்கள் நுழைய மாட்டீர்கள். இங்கே வேறு வழியில்லை” என்றாள்.

காஸ்திலியோனேயில் கழித்த நாளைப் பற்றித் தனியே எழுத வேண்டும். புனித ஞானப்பிரகாசியாரின் மண்டையோடு காக்கப்படும் பேராலயத்தில் நெடுநேரம் அமர்ந்திருந்தோம் என்பதோடு இங்கே நிறுத்திக்கொள்கிறேன். மாலைப் பேருந்தில் மாந்தோவா திரும்பினோம்.

மாந்தோவா நீரால் சூழப்பட்ட நகரம். பன்னிரண்டாம் நூற்றாண்டில் மின்சியோ ஆற்றைத் தடுத்து ஏரிகளாக்கினார்கள். இன்றும் மூன்று புறமும் ஏரி. காலையில் மேல் ஏரிக்கரையில் நடந்தபோது கண்ட காட்சி என்னை நிற்க வைத்தது. நீர்ப்பரப்பெங்கும் தாமரை. பூக்காலம் முடிந்துவிட்டபடியால் இலைகள் பழுப்பேறிக் கவிழ்ந்து, காய்ந்த பொகுட்டுகள் மட்டும் தலை நீட்டிக்கொண்டிருந்தன. 1921-ஆம் ஆண்டில் இளம் பெண் ஆய்வாளர் ஒருவர், கிழங்கை உணவாக்கலாம் என்றெண்ணிக் கீழைநாட்டுத் தாமரையை இங்கே நட்டார் என்று நகரத்தார் சொல்லுகிறார்கள். கிழங்கை எவரும் உண்ணவில்லை. கொடி மட்டும் ஏரியைப் பிடித்துக்கொண்டது. இப்போது ஆண்டுதோறும் அதை வெட்டிக் கட்டுப்படுத்த வேண்டியிருக்கிறதாம். வெர்ஜில் பிறந்த மண்ணில், காய்ந்த தாமரைக் காட்டைப் பார்த்து ஒரு தமிழாசிரியன் நின்றதை ஏரி வாத்துகள் பொருட்படுத்தவில்லை.

அம்மையாரின் வீடு நகரின் நடுவே ஓடும் பழைய கால்வாய்க்கு அருகில், மூன்றாம் மாடியில் இருந்தது. மின்தூக்கி இல்லை. மூச்சு வாங்கக் கதவருகே நின்ற எங்களைக் கைபிடித்து உள்ளே அழைத்தார். குள்ளமான உருவம், வெள்ளை முடி, முழங்கை வரை மடித்த சட்டை. எனக்கு இத்தாலியம் தெரியாது. அவருக்கு வேறு எந்த மொழியும் தெரியாது. மகளே பாலமாக நின்றாள்.

நான் அஞ்சிக்கொண்டிருந்த பணச் செய்தியை அவர் முதற்காரியமாக முடித்துவிட்டார். மகள் நீட்டிய உறையைப் பிரித்து, எங்கள் கண்முன்னே எண்ணி, மேசை இழுப்பறையில் போட்டு மூடினார். பிறகு சொன்னதை மகள் மொழிபெயர்த்தாள்: “அது முடிந்துவிட்டது. இனி நீங்கள் என் வீட்டில் இருக்கிறீர்கள்.”

அந்த வெளிப்படை எனக்குப் பிடித்திருந்தது. நம் ஊர்த் திருமணப் பந்தலில் மொய் எழுதும் மேசை வாயிலிலேயே இருக்கிறது. ஏட்டில் பெயரும் தொகையும் ஏறிய பிறகே நாம் பந்திக்குச் செல்கிறோம். அதனால் சோறு விலைக்கு வந்ததென்று எவரும் நினைப்பதில்லை. இறந்தோர்க்காகத் திருப்பலி ஒப்புக்கொடுக்கக் காணிக்கை செலுத்துகிறோம். திருப்பலியை வாங்கினோம் என்று எந்தக் கத்தோலிக்கனும் சொல்லத் துணியமாட்டான். கணவரின் ஓய்வூதியத்தில் பாதியைக் கொண்டு வாழும் ஒரு கைம்பெண்ணுக்கு மாவும் வெண்ணெயும் மின்சாரமும் இனாமாக வருவதில்லை. பணத்தை மறைத்து வைத்து அன்பைக் காட்டுவதைவிட, பணத்தை எண்ணி வைத்துவிட்டு அன்பைக் காட்டுவது நேர்மையாகவே எனக்குப் படுகிறது. ஆயினும் என் கேள்வி முழுதும் அடங்கிவிடவில்லை என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

அன்று செய்யவிருந்த உணவு ‘தொர்தெல்லி தி த்சுக்கா’. பறங்கிக்காய்ப் பூரணம் வைத்த மாவுப் பொதிகள் என்று சொல்லலாம். நம் கொழுக்கட்டைக்கு ஒன்றுவிட்ட உறவு. மாந்தோவா மக்களுக்கு இது கிறிஸ்து பிறப்புப் பெருவிழாவின் முந்தின நாள் இரவு உணவு. அந்நாள் முன்பெல்லாம் நோன்பும் புலால் மறுப்பும் கடைப்பிடிக்க வேண்டிய நாளாயிருந்தது. 1966-இல் திருத்தந்தை ஆறாம் பவுல் நோன்புச் சட்டங்களைத் திருத்தியமைத்த பிறகு அக்கடமை நீங்கியது. சட்டம் போனபின்னும் நாவு அதை விடவில்லை. அன்றிரவு இறைச்சியில்லாத இந்த உணவு இல்லாவிட்டால் பெருவிழா வந்ததாகவே தமக்குத் தோன்றாது என்றார் அம்மையார்.

மேசைமேல் பறங்கிக்காய் ஒன்று வீற்றிருந்தது. சாம்பல் கலந்த பச்சைத் தோல். நடுவில் அழுந்தி, ஓரம் புடைத்து, தலைப்பாகையைப் போன்ற வடிவம். இதன் பெயர் ‘கப்பெல்லோ த ப்ரேத்தே’. அதாவது ‘குருவானவரின் தொப்பி’. பெயரைக் கேட்டு நான் சிரித்தபோது அம்மையாரும் சிரித்தார். அதை இரண்டாகப் பிளந்ததும் உள்ளே செம்மஞ்சள் நிறம் சுடர்விட்டது.

என் பங்குக்கு நானும் ஒன்று சொன்னேன். இதை எங்கள் மொழியில் பறங்கிக்காய் என்கிறோம். பறங்கியர் என்றால் ஐரோப்பியர். ஆகவே இது உங்கள் காய் என்றுதான் எங்கள் முன்னோர் எண்ணினார்கள் என்றேன். அவர் தலையசைத்து மறுத்தார். இது எங்களுடையதன்று, அமெரிக்காவிலிருந்து வந்தது என்றார். உண்மைதான். கொலம்பஸின் 1492-ஆம் ஆண்டுப் பயணத்துக்கு முன் ஐரோப்பாவும் இதை அறியாது, நாமும் அறியோம். அதற்கு முன் அவர்களுக்கு வாய்த்தது சுரைக்காய். இருவருக்கும் அந்நியமான ஒரு காய், அவர்கள் ஊரில் நோன்பு உணவாயிற்று. நம் ஊரில் பொங்கல் குழம்பில் நீங்காத இடம் பெற்றது. பெயரில் மட்டும் அந்நியம் ஒட்டிக்கொண்டிருக்கிறது.

பறங்கிக்காயை நீரில் வேகவைப்பது அவரிடம் பெருங்குற்றம். நீர் ஏறினால் பூரணம் தளர்ந்து பொதி உடைந்துவிடும். தோலோடு பெரிய கீற்றுகளாக நறுக்கி, அடுமனைச் சூட்டில் ஏறத்தாழ ஒரு மணி நேரம் வாட்ட வேண்டும். பிறகு சதையை வழித்து மசித்து வடிகட்டியில் தேய்க்க வேண்டும். ஒரு கிலோ காய்க்கு 100 கிராம் அமரெத்தி, 100 கிராம் மொஸ்தார்தா, 150 கிராம் பாலாடைக்கட்டித் துருவல். மேலும் சிறிது சாதிக்காய்த் தூள், எலுமிச்சைத் தோலின் சீவல், உப்பு. அமரெத்தி என்பது கசப்பு வாதுமையும் முட்டை வெண்கருவும் சர்க்கரையும் சேர்ந்த மொறுமொறுப்பான பிஸ்கட்டு. கலந்த பூரணம் ஓரிரவு ஆறிக் கிடக்க வேண்டும். எங்களுக்காக முந்தின நாளே ஒரு பாத்திரம் கலந்து வைத்திருந்தார். அன்று நாங்கள் கலந்தது மறுநாள் அவருடைய அண்டை வீட்டாருக்கு.

மொஸ்தார்தாவைப் பற்றிச் சற்று விரித்துச் சொல்ல வேண்டும். ஒரு கரண்டி எடுத்து என் உள்ளங்கையில் வைத்தார். ஆப்பிள் துண்டுகள், கண்ணாடிபோல் பளபளக்கும் பாகில். முதலில் தேன்போன்ற இனிப்பு. அடுத்த நொடி மூக்கின் உச்சியில் ஒரு குத்து. கண்களில் நீர் முட்டிற்று. கடுகு! பழத்துண்டுகளைச் சர்க்கரையில் ஒரு நாள் ஊறவைத்து, வடியும் பாகைக் காய்ச்சி மீண்டும் பழத்தின்மேல் ஊற்றி, இப்படி மூன்று நாள் செய்து, கடைசியில் கடுகுச் சாரத்தைச் சொட்டுச் சொட்டாக விடுகிறார்கள். அந்தச் சாரம் மருந்துக் கடையில்தான் வாங்கப்படும் என்பது எனக்கு வியப்பாயிருந்தது. ஊறுகாய்ச் சாடியோடு வளர்ந்தவனுக்கு அயல்நாட்டில் கிடைத்த முதல் உறைப்பு அது. இத்தாலிய உணவு சப்பென்று இருக்கும் என்று ஊரில் சொல்லி அனுப்பிய நண்பர்களை நினைத்துக்கொண்டேன்.

அடுத்து மாவு. ஒரு பெரிய மரப் பலகையில் 400 கிராம் கோதுமை மாவைக் குவித்து, நடுவில் குழி பறித்து, நான்கு முட்டைகளை உடைத்து ஊற்றினார். நூறு கிராமுக்கு ஒரு முட்டை. வேறு நீர் இல்லை. முள்கரண்டியால் முட்டையைக் கலக்கிக்கொண்டே உள்சுவரிலிருந்து மாவைச் சிறிது சிறிதாகச் சரித்தார். பின்னர் விலகி நின்று, என்னைப் பார்த்துக் கையை நீட்டினார்.

“கையை வையுங்கள் அப்பா” என்றாள் மகள்.

மாவு பிசைவது எளிதென்று எண்ணுவோர் பத்து நிமிடம் பிசைந்து பார்க்கட்டும். உள்ளங்கையின் அடிப்பகுதியால் முன்னே தள்ளி, மடித்து, கால்வட்டம் திருப்பி, மீண்டும் தள்ள வேண்டும். முதலில் அது முரண்டு பிடிக்கிறது, விரலெல்லாம் ஒட்டுகிறது. அம்மையார் என் தோளில் தட்டி, கையால் தள்ளாதீர்கள், உடலால் தள்ளுங்கள் என்று தம் உடலை அசைத்துக் காட்டினார். சற்று நேரத்தில் மாவின் இயல்பே மாறத் தொடங்கியது. வழுவழுப்பாகி, அழுத்தினால் மெல்ல எழுந்தது. மம்ரேயில் விருந்தினர் வந்தபோது மாவு பிசையும் பொறுப்பை ஆபிரகாம் சாராவிடம் ஒப்படைத்துவிட்டுக் கன்றைத் தேடி ஓடிவிட்டார் என்பது அப்போது நினைவுக்கு வந்தது. வேலையில் கடினமானது எது என்று முதுபெருந் தந்தைக்குத் தெரிந்திருக்கிறது.

பிசைந்த மாவை ஒரு கிண்ணத்தால் மூடி அரைமணி நேரம் ஓய்வுகொள்ள விட்டார். அந்த ஓய்வில்தான் பேச்சு வளர்ந்தது. எப்போதிலிருந்து கற்பிக்கிறீர்கள் என்று கேட்டேன். கணவர் இறந்த மறு ஆண்டிலிருந்து என்றார். மக்கள் இருவர், ஒருவர் செர்மனியில், மற்றவர் தென்பகுதியில். தொடர்ந்து அவர் சொன்னதை மொழிபெயர்க்குமுன் மகள் சற்றுத் தயங்கினாள்.

“ஒருவருக்கு மட்டும் மாவு பிசைய முடியாது என்கிறார். ஒரு முட்டைக்கான மாவு கைக்குள் அடங்கிவிடும். பலகையை அது உணராதாம். முதலாண்டு முழுவதும் கடையில் வாங்கியே சாப்பிட்டாராம். பலகை சுவரில் சாய்ந்தே கிடந்ததாம். அதைப் பார்க்கப் பொறுக்காமல்தான் ஆட்களை வரவழைத்தாராம்.”

நான் ஒன்றும் பேசவில்லை. அம்மையார் என்னையும் மகளையும் மாறிமாறிப் பார்த்தார். என் மனைவியைப் பற்றி அவள் முன்பே அவரிடம் சொல்லியிருக்கக்கூடும். அவர் எழுந்து காப்பி போட்டார்.

உணவை அரண்மனைக் கண் கொண்டு பார்க்கும் வரலாறும் மாந்தோவாவுக்கு உண்டு. நான்கு நூற்றாண்டுகள் இந்நகரை ஆண்ட கொன்சாகா குடும்பத்தாரின் அவையில் பர்தொலொமெயோ ஸ்தெஃபானி என்னும் சமையற் கலைஞர் இருந்தார். 1655-ஆம் ஆண்டு நவம்பரில், அரியணை துறந்து கத்தோலிக்கம் தழுவி உரோமைக்குப் போய்க்கொண்டிருந்த சுவீடன் நாட்டு அரசி கிறிஸ்தினா இவ்வழியே வந்தபோது விருந்து படைத்தவர் அவரே. அந்தக் குளிர்காலத்தில் முதல் தட்டாக வெள்ளைத் திராட்சை இரசத்தில் கழுவிய ஸ்ட்ராபெர்ரிப் பழங்களை வைத்தார் என்பது அவரே எழுதியுள்ள செய்தி. 1662-இல் மாந்தோவாவில் அச்சான அவருடைய நூல் இத்தாலியச் சமையல் வரலாற்றில் பேர்பெற்றது. அம்மையாரிடம் அந்நூலின் மறுபதிப்பு ஒன்று இருந்தது. அதை எடுத்துக் காட்டிவிட்டு, இதிலிருந்து நான் எதையும் சமைத்ததில்லை என்றார். அவர் சமைப்பது வேறொரு நூலிலிருந்து. இழுப்பறையிலிருந்து எடுத்தார். எண்ணெய்க் கறை படிந்த பள்ளிக் குறிப்பேடு. அவர் தாயின் கையெழுத்து.

அந்தக் குறிப்பேட்டின் பக்கங்களில் பொருள்களின் பெயர்களுக்கு எதிரே இரண்டு எழுத்துகள் திரும்பத் திரும்ப வந்தன. என்னவென்று கேட்டேன். ‘குவாந்தோ பஸ்தா’ என்பதன் சுருக்கம் என்றார். ‘போதுமான அளவு’ என்பது பொருள். நம் சமையற் குறிப்புகளில் ‘உப்பு – தேவையான அளவு’ என்று வருகிறதே, அதுவேதான். பஸ்தா என்றால் போதும். பாஸ்தா என்றால் மாவு உணவு. ஒலியில் முதலெழுத்தே வேறு. தமிழில் எழுதினால் ஒரு காலால்தான் வேறுபடுகின்றன. எகர ஏகாரக் குழப்பத்தைத் தீர்த்த முனிவர், ஊர்க்காரர் என்ற முறையில் இதற்கும் ஒரு வழி செய்திருக்கலாம்.

அந்த இரண்டு எழுத்துகள்மீது அம்மையாருக்கு அடங்காத சினம். தாய் இறந்த பிறகு மொஸ்தார்தா எவ்வளவு என்று தெரியாமல் மூன்று கிறிஸ்துமஸ் கழிந்தனவாம். முதலாண்டு உறைத்தது, மறு ஆண்டு சப்பென்றிருந்தது. மூன்றாம் ஆண்டுதான் தாயின் சுவை கிடைத்ததாம். அன்றே ஒரு தராசு வாங்கினார். இப்போது அவர் குறிப்பேட்டில் ‘போதுமான அளவு’ என்ற சொல்லே கிடையாது. சாதிக்காய்க்குக்கூடக் கிராம் கணக்கு. “போதுமான அளவு என்பது அவர்கள் உயிரோடிருக்கும்வரைதான் அளவு” என்றார்.

பிறகு வேலை வேகமாக நடந்தது. கைப்பிடியில்லாத நீண்ட உருளைக்கட்டையால் மாவைத் தேய்த்தார். நம் சப்பாத்திக் கட்டையைப்போல் மூன்று மடங்கு நீளம். பலகையின் விளிம்புக்கு வெளியே மாவைத் தொங்கவிட்டு, அதன் எடையாலேயே அதை நீளச் செய்யும் நுட்பத்தைப் பார்த்துக்கொண்டே இருக்கலாம். அடியில் கை வைத்தால் விரல்கள் தெரியும் அளவுக்கு மெல்லியதாகும்வரை அவர் விடவில்லை. சதுரங்களாக வெட்டி, ஒவ்வொன்றிலும் சிறு உருண்டை பூரணம் வைத்து, மடித்து, உள்ளே காற்று நில்லாதபடி ஓரங்களை அழுத்தினோம். மகளுடைய பொதிகள் அழகாக அமைந்தன. என்னுடையவற்றை அம்மையார் தனித் தட்டில் வைத்தார், காரணம் கேட்கவில்லை. கொதிநீரில் இட்டபோது அவற்றில் ஒன்றுகூட உடையவில்லை என்பதைப் பதிவு செய்கிறேன்.

உண்ணும்போது மூவரும் மௌனமாயிருந்தோம். சூடான கிண்ணத்தில் ஓர் அடுக்குப் பொதி, உருக்கிய வெண்ணெய், பாலாடைக்கட்டித் துருவல், மீண்டும் ஓர் அடுக்கு. இனிப்பு, உவர்ப்பு, இலேசான கசப்பு, கடைசியாக மூக்கில் ஏறும் கடுகு. இதை உண்டு வளர்ந்த ஊர்களிலிருந்து புறப்பட்டு, காவியுடுத்தி, புலால் நீத்து, ஏலாக்குறிச்சியில் சோறும் காய்கறியும் உண்டு வாழ்ந்த ஒருவரை நினைத்துக்கொண்டேன். 1710-இல் இந்தியா வந்தவர் மீண்டும் தாயகம் திரும்பவேயில்லை. நம் பறங்கிக்காய்க் குழம்பை அவர் எப்போதேனும் சுவைத்தாரா, சுவைத்தபோது டிசம்பர் இரவுகள் நினைவுக்கு வந்தனவா என்பதற்கெல்லாம் எந்த ஏட்டிலும் சான்று இல்லை. ஆசிரியப் பணியில் எத்தனையோ ஆண்டுகள் அவருடைய அகராதியையும் காப்பியத்தையும் நடத்தியிருக்கிறேன். அவருக்குப் பசித்திருக்கும் என்ற எண்ணம் அன்றுதான் வந்தது.

இறுதியில் ‘ஸ்ப்ரிசொலோனா’ என்னும் பணியாரம். சோள மாவும் வாதுமையும் வெண்ணெயும் கலந்து சுட்டது; கல்போல் கடினம். கத்தி வைக்கக்கூடாதாம். மேசை நடுவில் வைத்து முட்டியால் குத்தி உடைத்து, ஆளுக்கொரு துண்டாக எடுக்க வேண்டும். குத்தும் உரிமையை எனக்கு அளித்தார்.

பிறகு அவர் தம் குறிப்பேட்டில் புதுப் பக்கம் ஒன்றைத் திருப்பி, எழுதுகோலை எடுத்துக்கொண்டார். உங்கள் வீட்டில் இந்தக் காயை என்ன செய்வீர்கள் என்று கேட்டார். இங்கு வருகிற ஒவ்வொருவரிடமும் ஒரு சமையற்குறிப்பு வாங்கிக்கொள்வது அவர் வழக்கமாம்.

மகள் என்னைப் பார்த்தாள். அவள் தாய், நோயின் கடைசி மாதங்களில், நிற்க முடியாமல் அடுக்களை வாயிலில் நாற்காலி போட்டு அமர்ந்து, வேலைக்கு வந்த பெண்ணுக்கு ஒவ்வொன்றாகச் சொல்லிக்கொடுத்துச் சமைக்க வைப்பாள். அடுத்த அறையில் செய்தித்தாளோடு அமர்ந்திருந்த என் காதில் அவையெல்லாம் விழுந்துகொண்டேயிருந்தன. நான் சொல்லத் தொடங்கினேன். பறங்கிக்காயைத் தோலோடு துண்டு போட வேண்டும். நல்லெண்ணெயில் கடுகு, வெந்தயம், கறிவேப்பிலை. சின்ன வெங்காயம் வதங்கியதும் காய். பிறகு புளிக்கரைசல், மிளகாய்த் தூள், மல்லித் தூள். இறக்கும்போது ஒரு துண்டு வெல்லம்.

“இறக்கும்போது இல்லை அப்பா. புளி கொதிக்கும்போதே அம்மா வெல்லத்தைப் போட்டுவிடுவார்கள். தொலைபேசியில் எனக்கு அப்படித்தான் சொன்னார்கள்.”

“கடைசியில்தான். நான் கேட்டிருக்கிறேன்.”

அம்மையார் எழுதுகோலை நிறுத்தி இருவரையும் பார்த்தார். எங்கள் வழக்கு அவருக்குப் புரிந்துவிட்டது. இரண்டையும் எழுதிக்கொண்டு, அடுத்து உப்பு என்றார்.

தேவையான அளவு என்று மகள் சொல்லியிருக்கக்கூடாது. அம்மையார் எழுதுகோலை மேசைமேல் வைத்தார்.

உள்ளங்கையில் குழித்து எடுப்பாள் என்றேன் நான். ஐந்து பேருக்கான சட்டிக்கு ஒரு குழி கல்லுப்பு. அவ்வளவுதான். அளவு என்று வேறொன்று அவளிடம் இருந்ததில்லை.

அம்மையார் எழுந்து போய், மாவு உணவு வேகவைக்கும் நீரில் இடுவதற்கென வைத்திருக்கும் கல்லுப்பு டப்பாவைக் கொண்டுவந்தார். நம் ஊர் உப்பைப் போன்றே பருமனான பரல்கள். என் வலக்கையைப் பிடித்துக் குழிக்கச் செய்து, உப்பை நிரப்பி, தராசில் கொட்டச் சொன்னார். 21 கிராம் காட்டியது. எழுதப் போனவர் நிமிர்ந்து என் கையைத் திருப்பிப் பார்த்தார். மகளிடம் ஏதோ கேட்டார்.

“என் கை அம்மா கையைப் போல இருக்குமா என்று கேட்கிறார்” என்றாள் அவள்.

அவள் கையைப் பார்த்தேன். நீண்ட விரல்கள், சுண்டுவிரல் சற்று உள்ளே வளைந்திருந்தது.

இருக்கும் என்றேன்.

மகள் கையைக் குழித்து நீட்டினாள். உப்பு நிறைந்தது, தராசுத் தட்டில் விழுந்தது. 14 கிராம். அம்மையார் அந்த எண்ணை எழுதி, அடியில் இரண்டு கோடு போட்டார்.